ஆளில்லாச் சுழி

ராத்திரி இரண்டே கால் மணி. கல்குவாரிக்குப் போகிற பழைய சாலை. நாற்பது நாள் பனி மூடிக் கிடந்து, அன்றைக்குத்தான் ஒரு ஆள் நடக்கிற அகலத்துக்கு வெட்டிவிட்டிருந்தார்கள். அதில் ஒரே ஒருத்தர் போய்க்கொண்டிருந்தார். முதுகில் இரும்புப் பெட்டி. கையில் விளக்கு. சட்டைப்பையில் ஆபீஸ் கொடுத்த சீட்டு. சுற்றுவட்டாரத்தில் ஒரு நாய்கூட இல்லை...

கதவைச் சரியாகச் சாத்துங்கள் முதலில். பின்னால் இருக்கிறவன் காலை உள்ளே இழுத்துக்கொள். இது எனக்கு நடந்ததில்லை, என் கூட்டாளியின் அக்கா வீட்டுக்காரருக்கு நடந்தது. நான் இட்டுக்கட்டிச் சொல்கிறேன் என்று நினைக்கிறவன் இப்போதே எழுந்து வீட்டுக்குப் போகலாம். தனியாக. ஒருத்தனும் எழுந்திருக்கவில்லை பார்.

அவர் சுழிக்காரர். வீடு வீடாகச் சுழிக்கல் வைப்பது, பழுது பார்ப்பது, காலி வீடுகளிலிருந்து செத்த கல்லை எடுத்து வருவது... அதுதான் வேலை. பெட்டியை முதுகில் போட்டுக்கொண்டு ஆடி அசைந்து நடப்பதால் வேலைக்காரர்களெல்லாம் அவரை ஆமை என்றுதான் கூப்பிடுவார்கள். நல்ல மனுஷர். ஒருத்தரை அதட்டிப் பேசத் தெரியாது.

சுழி எப்படி ஓடுகிறது என்று உங்களில் யாருக்காவது தெரியுமா? பிறந்ததிலிருந்து அதைச் சுற்றி உட்கார்ந்து குளிர் காய்ந்திருக்கிறீர்கள், கேட்டால் தலையைச் சொறிவீர்கள். விறகு கிடையாது. எண்ணெய் கிடையாது. கல்லிலிருந்து சூடு நமக்கு வருகிறது, நம் உடம்புச் சூடு திரும்பக் கல்லுக்குப் போகிறது. சுற்றிச் சுற்றி வருகிறது. ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு மயிரிழை கூடுகிறது. அவ்வளவுதான். ஆனால் குறைந்தது மூன்று பேர் வேண்டும். இரண்டு பேரானால் விடிவதற்குள் மங்கிவிடும். ஒருத்தராக உட்கார்ந்தால் அவரிடமிருந்தே உறிஞ்ச ஆரம்பிக்கும், அதனால்தான் தனிக்கட்டைகளுக்கு ஆபீசில் கல் தருவதில்லை. யாருமே இல்லாத வீட்டில் மூன்று நாளில் செத்துவிடும்.

கல்லின் நெற்றியில் ஒரு முள் இருக்கிறது அல்லவா... அது தலைக்கணக்கு. மூன்று எட்டு நடக்கிற தூரத்துக்குள் எத்தனை பேர் இருக்கிறார்களோ அத்தனை காட்டும். ஐந்து பேர் உட்கார்ந்தால் ஐந்து. ஒருத்தர் எழுந்து போனால் நான்கு. சுழிக்காரர்களுக்கு இருக்கிற சட்டம் ஒன்றே ஒன்று. முள் காட்டுவதும் கண் காண்பதும் ஒத்துப்போக வேண்டும். ஒரு தலை கூடுதலாகக் காட்டினாலும் அந்தக் கல்லை வீட்டுக்குள் வைத்துக்கொண்டு நிற்காதே, நேரே ஆற்றில் கொண்டுபோய்ப் போட்டுவிட்டு வா. ஏன் என்று கேட்டால் மேஸ்திரிக்கே தெரியாது. ஆனால் குளிரில் முள் ஒட்டிக்கொள்வதும் சகஜம். நூறு தடவையில் தொண்ணூற்றொன்பது தடவை அதுதான் காரணம். அதனால் எல்லோரும் விரலால் இரண்டு தட்டுத் தட்டிவிட்டு, கண்ணில் பட்ட எண்ணிக்கையைச் சீட்டில் எழுதிக்கொண்டு போய்க்கொண்டே இருப்பார்கள். ஆமையும் அப்படித்தான்.

அவருக்கு வீட்டில் ஒரு கவலை. ஒரே மகள், ஏழு வயது, நெஞ்சில் இழுப்பு. அறை கொஞ்சம் குளிர்ந்தால் போதும், மூச்சு விசில் அடிக்கும். முன்பு வீட்டில் நான்கு பேர். அவருடைய தங்கைக்குக் கல்யாணமானதும் மூன்று. இவர் ராத்திரி வேலைக்குக் கிளம்பினால் இவர் மனைவி, அதாவது என் கூட்டாளியின் அக்காவும் குழந்தையும் மட்டும், இரண்டு. விடியற்காலையில் இவர் வீடு திரும்பும்போது கல் சாம்பல் நிறத்தில் கிடக்கும். அக்கா குழந்தையை மடியில் நிமிர்த்தி வைத்து முதுகைத் தேய்த்துக்கொண்டிருப்பாள். உதடு நீலம் பாரித்திருக்கும்.

பகல் வேலை கொடுங்கள் என்று மேஸ்திரியிடம் கெஞ்சிப் பார்த்தார். செத்த கல்லையும் உயிருள்ள கல்லையும் இருட்டில்தான் பிரித்துப் பார்க்க முடியும், எல்லாருக்கும்தான் வீடு இருக்கிறது என்று சொல்லிவிட்டார். அடுத்து ஆமை என் கூட்டாளியைக் கேட்டார். தம்பிக்காரன்தானே, ராத்திரி வந்து அக்கா வீட்டில் படுத்துக்கொண்டால் மூன்று தலை ஆகிவிடும். இவனும் வருகிறேன் என்றான். நாளைக்கு வரேன்க்கா... திங்கட்கிழமை வரேன்க்கா... சம்பளம் வாங்கிட்டு வரேன்க்கா. இப்படியே ஒரு மாதத்தை ஓட்டினான். அதைச் சொல்லும்போது இன்றைக்கும் அவன் என் முகத்தைப் பார்ப்பதில்லை.

அந்த நிலைமையில்தான் ஆமை அன்றைக்குக் குவாரிச் சாலையில் நடந்தார்.

சீட்டில் எழுதியிருந்தது: குவாரி மேனேஜர் வீடு. ஏழு தலை. சாலை அடைபடுவதற்கு முன்பே குடும்பம் நகரத்துக்குப் போய்விட்டதாகத் தகவல். செத்த கல்லை எடுத்து வரவும்.

வளைவு திரும்பினார்... நின்றுவிட்டார்.

ஜன்னலில் வெளிச்சம். நல்ல சிவந்த வெளிச்சம். பெரிய குடும்பம் சுற்றி உட்கார்ந்திருக்கிற வீட்டில் தெரியுமே, அந்தச் சிவப்பு.

போகவே இல்லை போலிருக்கிறது, பாவம், நாற்பது நாள் உள்ளேயே மாட்டிக்கொண்டார்கள் என்று நினைத்துக்கொண்டு கதவைத் தட்டினார். பதில் இல்லை. தள்ளினார். திறந்துகொண்டது. உள்ளே இஸ்திரி போட்ட துணி வாசம். அப்புறம்... தூங்கி எழுந்த குழந்தையின் தலையில் ஒரு வாசம் வருமே, அது. கதவோரம் பூட்ஸ் வரிசையாக இருந்தது. பெரிசும் சிறிசுமாக ஏழு ஜோடி. பனியில் வெறுங்காலோடு யார் போவார்கள்? வசதியானவர்கள், ஆளுக்கு இரண்டு ஜோடி வைத்திருப்பார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார்.

நடு அறையில் கல். சுற்றி ஏழு நாற்காலி. ஒரு ஆள் இல்லை.

ஐயா என்று கூப்பிட்டார். அம்மா என்று கூப்பிட்டார். மாடி, சமையலறை, குளியலறை, எல்லாம் பார்த்தாயிற்று. படுக்கைகள் விரித்தபடி இருந்தன. சமையலறையில் ஒரு தட்டில் பாதி தின்ற ரொட்டி, பூஞ்சை பிடித்து. கல் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. 'ம்ம்ம்...' என்று ஒரு சத்தம். வாயை மூடிக்கொண்டு பாடுவது போல அடித்தொண்டையில்.

நடு அறை வாசற்படியில் நின்றபடியே முள்ளைப் பார்த்தார். நான்கு. கிட்டப் போய்க் குனிந்து விரலால் தட்டினார். ஐந்து.

தட்டியதால்தான் முள் நகர்ந்தது என்று நினைத்தார். அவருக்கு என்ன தோன்றியிருக்க வேண்டும்? மூன்று எட்டுக்குள் அவர் வந்ததும் அவரையும் சேர்த்து எண்ணுகிறது என்று தோன்றியிருக்க வேண்டும். ஒட்டிக்கொண்ட முள் ஆளைப் பார்த்து எண்ணாது. முப்பது வருஷ அனுபவம், இது தெரியாதா? தெரியும். ஆனால் அந்த நேரத்தில் அவர் மனசு முள்ளிடம் இல்லை. ஆளே இல்லாத வீட்டில் நாற்பது நாள் சாகாமல் ஓடியிருக்கிற கல்... இது என் வீட்டில் இருந்தால் பாப்பா பிழைத்துக்கொள்வாள். அவ்வளவுதான் அவர் மண்டையில் ஓடியது. பெற்ற மனசு, வேறென்ன ஓடும்?

நாற்காலிகளை நகர்த்தினால்தான் கல்லைத் தூக்க முடியும். நகர்த்தினார். முதல் நாற்காலி சில்லென்று இருந்தது. இரண்டாவதும் அப்படியே. மூன்றாவதன் இருக்கையில் கை பட்டது... வெதுவெதுப்பு. அப்போதுதான் யாரோ எழுந்து போனது போல. ஏழில் மூன்று குளிர்ச்சி. நான்கு சூடு. கல்லுக்கு எதிரே இருந்தால் நாற்காலி சூடாகத்தானே இருக்கும் என்று அதற்கும் ஒரு சமாதானம். எல்லாம் ஒரே தூரத்தில்தான் இருந்தன என்பது அப்புறம்தான் அவருக்கு உறைத்தது.

பெட்டியில் வைத்து மூடி, முதுகில் போட்டுக்கொண்டு நடந்தார். வழியெல்லாம் முதுகு கதகதவென்று இருந்தது, தூங்குகிற பிள்ளையைச் சுமந்துகொண்டு போவது போல. சுகமாகத்தான் இருந்ததாம். ஆனால் பிடரியில் மட்டும் அந்தச் சூடு... ஒரே சீராக வரவில்லை. விட்டு விட்டு வந்தது. ஒரு தடவை சூடு. ஒரு தடவை இல்லை. ஒரு தடவை சூடு. ஒரு தடவை இல்லை. அவர் நின்றால் அதுவும் மெதுவானது. மேட்டில் மூச்சிரைக்க ஏறினபோது அதுவும் வேகமானது.

ஏய், அங்கே என்ன நம் கல்லைப் பார்க்கிறாய்? அது நன்றாகத்தான் ஓடுகிறது. இங்கே கவனி.

தன் வீட்டுக் கல்லைச் செத்த கல் என்று ஆபீசில் ஒப்படைத்தார். குவாரிக் கல்லைத் தன் வீட்டில் வைத்தார். வாழ்க்கையில் அவர் செய்த முதல் திருட்டு அது. அன்றைக்கு ராத்திரி பாப்பா ஒரு தடவைகூட இருமவில்லை. அக்காவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. தம்பிக்கு ஆள் அனுப்பி, இனிமேல் நீ ஒன்றும் வரவேண்டாம், உன் தூக்கம் கெட வேண்டாம், நாங்கள் நன்றாக இருக்கிறோம் என்று சொல்லச் சொன்னாள். இவனுக்கும் நிம்மதி.

மூன்று வாரம் ராஜவாழ்க்கை. பாப்பா கன்னம் உப்பியது. ராத்திரி ஜன்னலைத் திறந்து வைக்கலாமா என்கிற அளவுக்கு வீட்டில் சூடு. முள் மட்டும் மூன்று பேருக்கு ஏழு காட்டியது. ஆமை இரண்டு நாள் தட்டிப் பார்த்தார். மூன்றாம் நாள் அக்காவிடம் முள் கெட்டுப்போய்விட்டது என்று சொல்லி, ஒரு காகிதத்தை ஒட்டி மறைத்தார். ஒரு சாயங்காலம் பாப்பா பக்கத்தில் போய் உட்காரப் போனார். அவள், "அங்க இடம் இல்லப்பா, இந்தப் பக்கம் வா" என்றாள். குழந்தைகள் ஏதாவது பாவனை விளையாட்டு விளையாடும், அப்படித்தான் என்று இந்தப் பக்கம் போய் உட்கார்ந்தார். உட்கார்ந்தார், ஆனால் அன்றைக்குச் சோற்றுத் தட்டைத் தொடாமலே வேலைக்குக் கிளம்பிவிட்டார்.

மறுநாள் காலை வேலை முடிந்து வீட்டுக்கு வந்தார். ஜன்னலில் சிவப்பு வெளிச்சம் நன்றாகத் தெரிந்தது. காகிதம் சூட்டில் சுருண்டு விழுந்திருந்தது. கண்ணாடி வழியாகவே முள்ளைப் படித்தார். ஆறு. இவர் வெளியில் இருக்கும்போது ஆறுதான் காட்ட வேண்டும், சரிதான். கதவு உள்பக்கம் தாழ்ப்பாள் போட்டிருந்தது. தட்டினார். தட்டிக்கொண்டே இருந்தார். கடைசியில் சமையலறை ஜன்னலைப் பெயர்த்துக்கொண்டு உள்ளே இறங்கினார்.

கல்லுக்கு எதிரே இரண்டு பாய். ஒன்றில் அக்காவின் போர்வை, கழுத்துவரை போர்த்தின மாதிரியே மேடாக நின்றது. தொட்டதும் அமுங்கியது. உள்ளே ஆள் இல்லை. இன்னொன்றின் ஓரத்தில் பாப்பாவின் காலுறை இரண்டும் கிடந்தன... கால் உருவிக்கொண்டு போனது போல, உருண்டையாக, வடிவம் கலையாமல்.

பாய் இரண்டும் சூடாக இருந்தன.

அதே காலையில்தான் என் கூட்டாளி அங்கே போய்ச் சேர்ந்தான். அக்கா வரவேண்டாம் என்று சொல்லி அனுப்பியதுதான் அவனை உறுத்தியதாம். பையில் துணியெல்லாம் எடுத்துக்கொண்டு, ஒரு வாரம் தங்குவதாகக் கிளம்பிப் போயிருக்கிறான். கதவைத் திறந்தது மாமாதான். திறந்துவிட்டுப் போய்ச் சுவரோரம் முதுகைச் சாய்த்து உட்கார்ந்துகொண்டார். கல்லிலிருந்து சரியாக நான்கு எட்டுத் தள்ளி. இவன் கிட்டப் போகப் போனபோது காலைப் பிடித்து இழுத்தார். பிறகு குவாரி வீட்டிலிருந்து ஆரம்பித்து ஒன்றுவிடாமல் சொன்னார். நான் உங்களுக்குச் சொன்னதெல்லாம் அவர் வாயால் அவன் கேட்டதுதான்.

இவனுக்கு ஆத்திரம் பொங்கிவிட்டது. சுத்தியல் எங்கே என்று தேடி எடுத்தான். ஆமை எழுந்து கல்லுக்கு முன்னால் நின்றார். ஒருத்தரையும் அதட்டிப் பேசத் தெரியாத மனுஷர், அப்போதும் அதட்டவில்லை. மெதுவாகத்தான் கேட்டார்.

"உடைச்சுட்டா அவ எங்கடா போவா?"

இவன் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டான். நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள், சொல்லுங்கள். முள் ஆறு காட்டுகிறது. அந்த ஆறில் ஒன்று உங்கள் அக்கா.

அப்புறம் ஆமை வேலைக்குப் போகவில்லை. நான்கு எட்டுத் தள்ளி உட்கார்ந்துகொண்டு முள்ளையே பார்த்துக்கொண்டிருந்தார். இவன் சோறு கொண்டுபோய் வைப்பான், பாதி திரும்பி வரும். காலையில் எழுந்ததும் ஒரு நீளக் கம்பில் துணியைச் சுற்றி இரண்டு பாயையும் தொட்டுப் பார்ப்பார். துணியைத் தன் கன்னத்தில் வைத்துக்கொள்வார். சூடு இருந்தால்தான் முகம் கழுவப் போவார்.

பன்னிரண்டாம் நாள் முள் ஐந்துக்கு இறங்கியது.

அன்றைக்கு அவர் அழுத அழுகையைப் பார்க்க முடியவில்லை என்றான். பாயைத் தொட்டார். இரண்டும் சூடு. அப்படியானால் போனது குவாரி வீட்டு ஆள். கையெடுத்துக் கும்பிட்டார்... யாரை என்று கேட்காதீர்கள். அப்போதுதான் அவருக்கு அந்தக் கல்லின் சங்கதி விளங்கியது. ஏழு பேரை எடுத்தது, நாற்பது நாளில் நான்காகத் தேய்ந்திருந்தது. இவர் வீட்டில் மூன்று வாரம் உயிருள்ளவர்கள் சுற்றி இருந்தவரை ஒரு தலைகூடக் குறையவில்லை. வெளியே ஆள் இல்லாதபோதுதான் உள்ளே இருப்பவர்களைக் கொஞ்சம் கொஞ்சமாக எரிக்கிறது. தானாக ஓடுகிற கல்லாம். எதுவும் தானாக ஓடுவதில்லை.

இருபத்தைந்தாம் நாள் நான்கு. அப்புறம் மூன்று.

மூன்றுக்கு வந்த அன்று ஆமை என் கூட்டாளியிடம் பேசினார். பல நாள் கழித்து அவராகப் பேசியது அதுதான்.

"அடுத்தது ரெண்டுடா. அதுக்கப்புறம் யாருன்னு நான் பாயைத் தொட்டுப் பாத்துத் தெரிஞ்சுக்கணும்."

நாம் இரண்டு பேரும் பக்கத்தில் உட்காரலாமா மாமா என்று இவன் கேட்டானாம். நிஜமாகவே கேட்டேன் என்கிறான், நான் நம்புகிறேன். அவர் முள்ளைக் காட்டினார். "நீயும் நானும் ரெண்டு தலைதானே. எவ்வளவு நாளைக்குக் காணும்?" என்றார். இவன் வீட்டுக்கு வந்துவிட்டான். மறுநாள் சோற்றுத் தூக்கோடு போனால் வீடு திறந்து கிடந்தது. கல் இல்லை. பாய் இல்லை. இரும்புப் பெட்டி இல்லை. ஆமையும் இல்லை.

மூன்று வாரமாகத் தேடினான். ஆபீசில் கேட்டான், ஆற்றங்கரையில் கேட்டான், பக்கத்து ஊர் ஆஸ்பத்திரிகளில் கேட்டான். ஒரு தகவலும் இல்லை. செத்திருப்பார் என்று நாங்கள்தான் தேற்றினோம்.

போன வெள்ளிக்கிழமை... இங்கிருந்து நான்கு தெரு தள்ளி, தச்சுப்பட்டறைக்காரர் வீடு இருக்கிறதே, அண்ணன் தம்பி மூன்று குடும்பம், மொத்தம் பதினோரு பேர். அந்த வீட்டுக் கதவு இரண்டு நாளாகத் திறக்கவில்லை என்று பேச்சு வந்தது. ஜன்னலில் வெளிச்சம் மட்டும் ராப்பகலாகச் சிவப்பாக எரிகிறதாம். கேட்ட மாத்திரத்தில் என் கூட்டாளி செருப்புகூடப் போடாமல் ஓடினான், நானும் பின்னால் ஓடினேன். கதவை உடைக்க நாலு பேர் நின்றார்கள். இவன் ஜன்னல் கண்ணாடியில் முகத்தை ஒட்டி வைத்து முள்ளைத் தேடினான். படித்தான். அப்படியே தெருவில் உட்கார்ந்துவிட்டான். எவ்வளவு காட்டியது என்று நான் கேட்டேன். பதிமூன்று என்றான்.

எதிர்வீட்டு அம்மா நடந்ததைச் சொன்னாள். ஒரு வாரத்துக்கு முன்னால் ஒரு சுழிக்காரர் வந்தாராம். ரொம்ப மரியாதையான மனுஷர், முதுகில் பெட்டி, மெதுவாக ஆடி அசைந்து வந்தாராம். உங்கள் கல் பழசாகிவிட்டது, ஆபீசில் இலவசமாகப் புதுசு மாற்றித் தருகிறார்கள் என்று சொன்னாராம். வீட்டில் எத்தனை தலை என்று மட்டும் விசாரித்தாராம். தண்ணீர் கொடுத்தார்கள், குடித்தார். உட்காரச் சொன்னார்கள், உட்காரவில்லை. கல்லை வைத்து முடித்ததும் அதன் மேல் கையை வைத்துத் தடவிக்கொடுத்தாராம்.

கிளம்பும்போது வீட்டில் சின்னப் பிள்ளைகள் உண்டா என்று கேட்டாராம். நாலு பேர் இருக்கிறார்கள், வீடு இரண்டுபடும் என்று தச்சர் மனைவி சிரித்துக்கொண்டே சொன்னாளாம். அவரும் சிரித்தாராம்.

"நல்லதும்மா... எங்க பாப்பா இத்தனை நாளா தனியாவேதான் விளையாடிக்கிட்டிருக்கா."